சொன்னதை மாற்றாதவள்

காலை பத்து நாற்பது. முதலில் கண்ணில் பட்டது காம்பவுண்டு சுவருக்கு மேலே நீண்டிருந்த ஒரு கை. வெறும் கை. அதில் வளையல் இல்லை, ஈரம் இருந்தது. பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தவள் அப்படியே வந்திருக்க வேண்டும்.

“ஏனுங்கக்கா, சித்த இங்க வாங்க. அவரு நோட்டப் பாத்துப்போட்டாருங்க.”

குரல் உயரவில்லை. இருபத்திரண்டு வருடம் ஒரு நாளிதழின் டெஸ்க்கில் உட்கார்ந்து விபத்துச் செய்திகளைத் திருத்தியவள் நான். உண்மையிலேயே பயந்தவர்கள் மெதுவாகத்தான் பேசுவார்கள். அடுப்பை அணைத்துவிட்டுப் போனேன்.

போத்தனூரில், ரயில்வே லைனுக்கு இந்தப் பக்கம், ஒரே காம்பவுண்டு சுவரைப் பங்கு போட்டுக்கொண்ட இரண்டு சின்ன வீடுகள். ஒன்றில் நான் தனியாக. மற்றதில் அவள், அவள் கணவர், முதல் வகுப்புப் படிக்கும் ஒரு பெண் குழந்தை. அவர்கள் இப்போது அங்கே இல்லை. எங்கே என்று எனக்குத் தெரியாது. பெயரை எழுத எனக்கு உரிமை இல்லை.

அவளைப் பற்றி ஒரே ஒரு விஷயம் சொல்லச் சொன்னால் இதைச் சொல்வேன்: ஒருவர் சொன்னதை அவளால் மாற்றிச் சொல்ல முடியாது.

கோபிப் பக்கம் பிறந்தவள். கல்லூரிக் காலத்தில் விளையாட்டாக ஜப்பானிய மொழி படிக்கப் போய், விடாமல் படித்து, ஊருக்கு வெளியே ஒரு கார் உதிரிபாகக் கம்பெனியில் மொழிபெயர்ப்பாளராகச் சேர்ந்திருந்தாள். ஜப்பானிலிருந்து வாங்குபவர்கள் வந்தால் அவர்களோடு மிஷின்கள் ஓடும் ஷாப் ஃப்ளோரில் நடப்பது அவள் வேலை. ஒரு முறை வந்தவர் ஒருவர் ஒரு மிஷின் பக்கத்தில் நின்று மெல்லச் சிரித்தபடி ஏதோ சொன்னார். மேனேஜர் இவளைப் பார்த்தார். “இந்த இடத்துல செய்யற சாமானை மாட்டுன வண்டியில என் பிள்ளைகளை ஏத்தி நான் ஓட்ட மாட்டேன்னு சொல்றாருங்க சார்” என்று பத்து ஆபரேட்டர்களுக்கு நடுவில் தமிழில் சொன்னாள். மேனேஜர் அப்புறம் கூப்பிட்டு, “கொஞ்சம் பதமாச் சொல்லப்படாதா அம்மணி?” என்று கேட்டாராம். “அவரு பதமாச் சொல்லலீங்களே சார்.” அடுத்த ஆர்டர் வரவில்லை. சில மாதத்தில் இவள் வேலையும் இல்லை.

எங்கள் பங்குச் சர்ச்சில் ஞாயிற்றுக்கிழமைப் பூசையில் பைபிளிலிருந்து முதல் வாசகம் பெரும்பாலும் அவள்தான் வாசிப்பாள். ஒரு வாரம் வாசகத்தில் நாற்பது ஐம்பது பெயர்கள் வரிசையாக வந்தன. நேரமாகிறது, நடுவில் விட்டுவிடுங்கள் என்று சாமியார் முன்னாடியே சொல்லியிருந்தார். அவள் ஒன்று விடாமல் வாசித்தாள். பின்வரிசையில் குழந்தைகள் அழத் தொடங்கின. இறங்கி வந்தவளிடம் நான் ஏன் என்று கேட்டேன். “எழுதியிருக்குதுங்களேக்கா” என்றாள், நான் கேட்டது புரியாத மாதிரி.

பிள்ளைக்கு லீவ் லெட்டரில் காய்ச்சல் என்று எழுத மாட்டாள். “உறவினர் திருமணம், சாப்பிடப் போனோம்” என்று எழுதுவாள். கணவர் அதைப் பார்த்துச் சிரிப்பார். “ஏம்புள்ள, சாப்பிடப் போனதையுமா எழுதுவாங்க?” அவர் குறிச்சிப் பக்கம் ஒரு மோட்டார் பம்ப் கம்பெனியில் ஷிப்ட் சூப்பர்வைசர். பேச்சு கம்மி. வேலை முடிந்து வந்தால் வண்டியைத் துடைத்துவிட்டுத்தான் வீட்டுக்குள் போவார். கெட்ட மனிதர் என்று அவரைப் பற்றி நான் எழுதினால் அது பொய்.

அவள் வீட்டிலிருந்து சப்டைட்டில் வேலை செய்கிறாள் என்பது எல்லோருக்கும் தெரியும். ஜப்பான் படங்களுக்கு இங்கிலீஷ் வரி போடுவது. என்ன படம் என்று யாரும் கேட்டதில்லை; எனக்கு மட்டும்தான் தெரியும். ஒரு நாள் பிற்பகலில் இரண்டு பேப்பரை எடுத்துக்கொண்டு வந்து, “இந்த இங்கிலீசு சரியா இருக்குதுங்களாக்கா, பாத்துச் சொல்லுங்க” என்றாள். படித்தேன். நாலாவது வரியிலேயே தெரிந்துவிட்டது. நிமிர்ந்தபோது அவள் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

“பெரியவங்களுக்கான படமுங்க. மொதல்ல நாடகம்னுதான் சொல்லிக் குடுத்தாங்க. அப்புறமாத்தான் தெரிஞ்சுது.”

“விட்டுட வேண்டியதுதானே?”

“வேற வேலை கேட்டுட்டுத்தானுங்க இருக்கறேன். தாரேன்னு சொல்லிட்டு யாரும் தர மாட்டீங்கறாங்க.”

அந்தப் படங்களைப் பற்றி அவள் சொல்லித்தான் எனக்குத் தெரியும். அங்கே இதற்கென்றே தனி வகை உண்டாம், அதற்குத் தனிப் பெயரும் உண்டாம். கல்யாணமான பெண் வேறொருவனிடம் போய்விடுவது. கணவனுக்கு வேறு ஊருக்கு மாற்றலாகும், குடும்பத்தை விட்டுத் தனியாகப் போவான். அல்லது மேலதிகாரியைச் சாப்பிடக் கூட்டிவந்து, குடித்துவிட்டுப் பக்கத்து அறையில் தூங்குவான். அல்லது வீட்டு மணி அடிக்கும், பார்சல்காரன் நிற்பான். “எல்லாம் ஒரே கதைதானுங்கக்கா. ஆறாவது நிமிசத்துல மணி அடிக்கும்.”

எனக்கு அருவருப்பாக இருந்தது என்றுதான் முதலில் சொன்னேன். அதற்கு அவள் சொன்னதை நான் அன்றே டைரியில் எழுதி வைத்தேன். “நானும் அப்படித்தானுங்க நெனச்சேன். இருபது முப்பது படம் செஞ்சதுக்கப்புறம் ஒண்ணு தெரிஞ்சுது. இது பொண்டாட்டியப் பத்தின படமே இல்லீங்கக்கா. புருசனோட பயத்தப் பத்தின படம். எல்லாத்துலயும் அவன் எங்கியோ கதவுச் சந்துல நின்னு பாத்துட்டே இருப்பான். அந்தப் பயத்தத்தான் வெலை குடுத்து வாங்கறாங்க.”

படத்தை அவள் பார்ப்பதில்லை. பங்குக் காலண்டரின் பழைய அட்டை ஒன்றை வெட்டி, லேப்டாப் திரையின் மேல்பாகம் முழுவதும் மறையும்படி ஒட்டிக்கொள்வாள். அடியில் இரண்டு விரல் உயரம் மட்டும் தெரியும். அங்கேதான் வரிகள் ஓடும், நேரம் ஓடும். காதில் ஹெட்போன். வசனம் இல்லாத இடம் வந்தால் ஓட்டிவிடுவாள். “பேச்சு இல்லாத எடத்துல எனக்கு வேலை இல்லீங்களே.”

ஜப்பானியத்திலிருந்து நேரே இங்கிலீஷுக்கு அவள் போக மாட்டாள். முதலில் பச்சை அட்டை நோட்டில் தமிழில் எழுதுவாள். “நேராப் போனா பொய்யாயிருதுங்க. அந்த ஊர்ப் பொம்பளைங்க புருசங்கிட்டயும் மத்தவங்ககிட்டயும் பேசறப்ப ஒரு மரியாதை வெச்சுப் பேசுவாங்க. இங்கிலீசுல அது வராது. நம்ம பேச்சுல அப்படியே வந்துருது பாருங்க.” உண்மைதான். அந்த நோட்டில் இருந்த பெண்கள் எல்லோரும் கோபிப் பக்கத்துப் பெண்களாகவே பேசினார்கள். பக்கத்தின் தலையில் வேலை செய்த தேதி. கீழே இடது பக்கம் நேரம், வலது பக்கம் வரி. அவளுடைய அழகான கையெழுத்து.

“வேலை முடிஞ்சா கிழிச்சுப் போட்டுடு” என்று சொன்னேன். ஒரு தடவை அல்ல, மூன்று நான்கு தடவை.

“ஒரு மாசங்கழிச்சு ஒரு வரியைக் கேப்பாங்க. இல்லாத வரியை நான் எப்படீங்க சொல்றது?”

அந்தக் கோடையில் அவளிடம் ஒரு மாற்றம் தெரிந்தது. வீட்டு மணி அடித்தால் உடனே எழுந்திருக்க மாட்டாள். ஜன்னல் திரையை விலக்கி யார் என்று பார்த்து, அப்போதும் கதவைத் திறக்காமல், என்னைப் போனில் கூப்பிட்டு, “பார்சல்காரருங்க, நீங்க வாங்கி வெய்யுங்கக்கா” என்பாள். ஏன் என்று கேட்டேன். “மணி அடிச்சா கை சில்லுனு ஆயிருதுங்க. நானே அந்த ஊட்டுக்குள்ள இருக்கற மாதிரி.” கணவர் தன் மேனேஜரை ஒரு நாள் சாப்பிடக் கூப்பிடலாம் என்றபோது முடியாது என்று சொல்லியிருக்கிறாள். காரணம் சொல்லவில்லை. ஒருவர் கேட்டும் அவள் சொல்லாமல் விட்டது அதுதான் முதல் தடவை என்று நினைக்கிறேன்.

அவள் சுவருக்கு மேலே கை நீட்டிய அன்று ஷட்டவுன் நாள். மாதத்தில் ஒரு நாள் பராமரிப்புக்காகக் காலை ஒன்பதிலிருந்து மாலை ஐந்து வரை எங்கள் பகுதியில் கரண்ட் இருக்காது. எங்கள் இரண்டு வீட்டிலும் இன்வெர்ட்டர் கிடையாது. அவள் லேப்டாப்பில் சார்ஜ் இருக்கும் வரை கேட்டு எழுதிவிட்டு, மற்ற வேலையைப் பார்ப்பாள். அவருக்கு அந்த வாரம் காலை ஷிப்ட். அங்கேயும் கரண்ட் இல்லை; கம்பெனி ஜெனரேட்டரில் ஏதோ கோளாறு, ஆட்களை அனுப்பிவிட்டார்கள். வீட்டுக்கு வந்தவர் கேஸ் புத்தகத்தைத் தேடி அலமாரியைத் திறந்திருக்கிறார். இவள் பின்பக்கம் பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தாள்.

நான் உள்ளே போனபோது அவர் சாப்பாட்டு மேசைக்கு முன்னால் உட்கார்ந்திருந்தார். வேலைச் சட்டையை மாற்றவில்லை. மேசை மேல் பச்சை நோட்டு. அதற்குப் பக்கத்தில் அவருடைய சின்ன ஷிப்ட் டைரி, சிவப்புப் பேனா. என்னைப் பார்த்து எழுந்து நின்றார். “உக்காருங்கக்கா” என்றார். நாற்காலியை இழுத்தும் போட்டார்.

நோட்டை என் பக்கம் திருப்பினார். சிவப்பில் வட்டம் போட்டிருந்த இடம்:

0:14:22 அவரு இன்னைக்கு ஊட்டுக்கு வர மாட்டாருங்க.
0:14:31 கதவு சும்மாதான் சாத்தியிருக்குது. வாங்க.
0:14:40 இது தப்புன்னு எனக்குத் தெரியுமுங்க.

“பம்ப்பு டெஸ்ட்டு லாக்ல நாங்க இப்படித்தானுங்க எழுதுவோம்” என்றார். “சைபர் பதினாலுன்னா ராத்திரி பன்னெண்டே கால். எல்லாப் பக்கத்துலயும் பாருங்க. சைபர் பதினாலு. சைபர் முப்பத்தொண்ணு. ஒண்ணு அஞ்சு. ரெண்டு மணிக்கு மேல ஒண்ணுமே இல்ல. தேதியையும் பாருங்க. இதெல்லாம் எனக்குத் தேர்டு ஷிப்ட் இருந்த நாளு.”

டைரியில் விரலை வைத்துக் காட்டினார். சரியாக இருந்தது. மூன்று வாரத்தில் ஒரு வாரம் அவருக்கு இரவு ஷிப்ட். தினமும் எழுதுகிறவளின் தேதிகளில் மூன்றில் ஒரு பங்கு அந்த வாரங்களில் விழத்தான் செய்யும். மற்ற தேதிகளுக்கு அவர் வட்டம் போடவில்லை.

“அது படத்தோட நேரமுங்க” என்றாள் அவள், கதவோரம் நின்று. “படம் ஆரம்பிச்சு பதினாலு நிமிசமுங்க. எந்தப் படமும் ரெண்டு மணி நேரத்துக்கு மேல ஓடாதுங்க.”

“என்ன படம்?”

அவள் என்னைப் பார்த்தாள். அந்த நொடியில் அவளுக்கு இரண்டு வழிதான் இருந்தது. படத்தைக் காட்டாவிட்டால் அந்த வரிகள் அவளுடையவை. காட்டினால், ஞாயிற்றுக்கிழமை மேடையேறி வாசகம் வாசிப்பவள் வீட்டில் உட்கார்ந்து செய்யும் வேலை அதுதான். மூன்றாவதாக ஒரு பொய் சொல்லியிருக்கலாம். கதைப்புத்தகம், நாடகம், ஏதாவது. நான் அவள் இடத்தில் இருந்தால் சொல்லியிருப்பேன்.

“ஆம்பளைங்க பாக்கற படமுங்க” என்றாள். “பொண்டாட்டி வேற ஒருத்தரோட போறதப் பத்தி.”

அவர் என் பக்கம் திரும்பினார். “உங்களுக்குத் தெரியுமுங்களாக்கா?”

“தெரியும்” என்றேன்.

அதற்குப் பிறகு அவர் என்னிடம் எதுவும் கேட்கவில்லை. அன்று மட்டுமல்ல.

“போடு, பாக்கலாம்.”

“சார்ஜு கம்மியா இருக்குதுங்க. அஞ்சு மணிக்குக் கரண்ட்டு வந்ததும் போட்டுக் காட்டறனுங்க.”

“அஞ்சு மணி வரைக்கும் நான் என்ன பண்ணட்டும்?”

கோபமாகக் கேட்கவில்லை. உண்மையிலேயே தெரியாமல் கேட்டார். எனக்கு முதல் தடவையாகப் பயம் வந்தது அப்போதுதான்.

அவள் லேப்டாப்பைக் கொண்டுவந்து மேசை மேல் வைத்தாள். திரையில் காலண்டர் அட்டை அப்படியே ஒட்டியிருந்தது. கீழ் மூலையில் பேட்டரி நான்கு சதவீதம். பதின்மூன்றாவது நிமிடத்துக்குக் கொண்டுபோய், ஹெட்போனைப் பிடுங்கிவிட்டு ஓடவிட்டாள். வீட்டில் ஃபேன் ஓடவில்லை, ஃப்ரிட்ஜ் ஓடவில்லை. அந்த அமைதியில் ஒரு வீட்டுக் கதவு திறக்கும் சத்தம், செருப்பைக் கழற்றும் சத்தம், பிறகு ஒரு பெண்ணின் மெல்லிய குரல்.

ஒவ்வொரு வரிக்கும் பிறகு இவள் தமிழில் சொன்னாள். “வெளிய மழைங்களா?” ஜப்பானியத்தில் ஓர் ஆண் ஏதோ சொன்னான். “கொடை எடுத்துட்டு வரலீங்க, அப்படீங்கறாரு.” அவர் நோட்டில் வரிசையாக விரலை வைத்துச் சரிபார்த்துக்கொண்டே வந்தார். நேரமும் வரியும் ஒத்துப்போயின. அவர் தோள் கொஞ்சம் இறங்கியதை நான் பார்த்தேன். அவர் அட்டையை நோக்கிக் கையை நீட்டினார். அவள் அட்டை மேல் கையை வைத்து, “வேண்டாமுங்க” என்றாள். திரையடியில் நேரம் 0:14:16.

லேப்டாப் அணைந்தது.

அவர் விரல் சிவப்பு வட்டத்துக்கு ஒரு வரி மேலே நின்றிருந்தது.

அங்கே நிறுத்தியிருக்கலாம். ஆனால் பாதியில் விட்டுவிடுகிற பழக்கம் அவளுக்கு இல்லை. பெயர்களின் வரிசையை விடாமல் வாசித்தவள். நோட்டைப் பார்க்காமல், அவரைப் பார்த்தபடி, அதே மெல்லிய குரலில் தொடர்ந்தாள்.

“அவரு இன்னைக்கு ஊட்டுக்கு வர மாட்டாருங்க. கதவு சும்மாதான் சாத்தியிருக்குது. வாங்க. இது தப்புன்னு எனக்குத் தெரியுமுங்க.”

இந்த முறை முன்னால் ஜப்பானியக் குரல் இல்லை. அவள் குரல் மட்டும்தான் இருந்தது. சொல்லி முடித்த பிறகே அவளுக்கு அது உறைத்தது. கையை எடுத்து வாயில் வைத்துக்கொண்டாள்.

அவர் நோட்டை மூடினார். அவர் நம்பினார், அதில் எனக்குச் சந்தேகமே இல்லை. வேறு ஆள் யாரும் இல்லை என்பது அவருக்குத் தெரிந்துவிட்டது. அது போதும் என்று நான் நினைத்தேன்.

“இந்த மாதிரி எத்தன படம் செஞ்சிருக்கறே?”

“நூத்தி அறுபத்திரெண்டுங்க.”

“எல்லாத்துலயும் இதேதானா?”

“ஆமாங்க.”

“அதுல வர்ற புருசனுங்களுக்கு எப்பத் தெரிய வருது?”

நான் அவளைப் பார்த்துத் தலையை ஆட்டினேன், வேண்டாம் என்று. அவள் என்னைப் பார்க்கவில்லை. சரியான பதிலைத் தேடிக்கொண்டிருந்தாள். நூற்று அறுபத்திரண்டையும் மனசுக்குள் ஓட்டிப் பார்த்தாள் என்றே நினைக்கிறேன்.

“நெறையத்துல கடைசிலதானுங்க” என்றாள். “செலதுல தெரியறதே இல்லீங்க.”

அவர் தலையை அசைத்தார். சிவப்புப் பேனாவுக்கு மூடியைப் போட்டுச் சட்டைப்பையில் செருகினார். லேப்டாப்பை எடுத்து அலமாரியில் வைத்துப் பூட்டினார். வெளியே போய் வண்டியைத் துடைக்க ஆரம்பித்தார். காலையிலேயே துடைத்த வண்டி அது.

அடிக்கவில்லை, திட்டவில்லை, யாரிடமும் சொல்லவும் இல்லை. பங்கில் யாருக்கும் எதுவும் தெரியாது. அடுத்த ஞாயிறு பூசையில் முதல் வாசகத்தை வேறொரு பெண் வாசித்தாள். இவளுக்குத் தொண்டை சரியில்லை என்று அவர் சாமியாரிடம் சொன்னதாகக் கேள்விப்பட்டேன். “ஏம்புள்ள” என்று அவர் கூப்பிடும் சத்தம் அதற்குப் பிறகு சுவர் தாண்டி எனக்குக் கேட்கவில்லை.

ஒன்பதாம் நாள் அவர்கள் வீட்டு வாசலில் கேமரா வைத்தார்கள். இரண்டு ஆட்கள் ஏணியோடு வந்து அரை மணி நேரத்தில் முடித்துவிட்டுப் போனார்கள். எங்கள் தெருவில் நாலு வீட்டில் கேமரா உண்டு, எல்லாம் தெருவைப் பார்த்துத்தான் இருக்கும். இது வாசல் தூணிலிருந்து வீட்டுக் கதவைப் பார்த்தது. கரண்ட் இருக்கிறது என்பதற்கு அதில் ஒரு சின்னச் சிவப்பு விளக்கு எரியும். அவர் போனில் படம் தெரியும்.

பத்து நாள் கழித்து, பிற்பகலில், அவள் என் அகராதியைத் திருப்பிக் கொடுக்க வந்தாள். வழக்கமாகச் சுவரோரம் நிற்கும் இடத்தில் நிற்கவில்லை. துணி துவைக்கும் கல்லுக்கு அப்பால், வேப்பங்கன்றுக்குப் பக்கத்தில் நின்று கையை நீட்டினாள். இந்தப் பக்கம் வா, எட்டவில்லை என்றேன்.

“கேமராவுல மூணாவது டைல்ஸ் வரைக்கும் தெரியுமுங்கக்கா. பாப்பாவ நிக்க வெச்சு அவரு போன்ல பாத்துட்டேன். இங்க தெரியாதுங்க.”

“பின்பக்கமா வந்தியா?”

“ஆமாங்க.”

அகராதியை வாங்கிக்கொண்டேன். “ஏதாவதுன்னா கூப்பிடு” என்றேன்.

“ஏதாவதுன்னா என்னங்கக்கா?” என்று கேட்டாள். அவளுக்குத் தெளிவாகத் தெரிய வேண்டும், எதற்குக் கூப்பிடலாம், எதற்குக் கூடாது என்று.

அவர் கம்பெனியிலிருந்து வீட்டுக்கு வண்டியில் இருபது நிமிடம்.

அடுத்த மாத ஷட்டவுன் ஒரு வியாழக்கிழமை வந்தது. அவருக்குக் காலை ஷிப்ட். காலை ஒன்பது மணிக்குக் கேமராவின் சிவப்பு விளக்கு அணைந்தது. ஒன்பது இருபதுக்கு அவர் வண்டி வாசலில் வந்து நின்றது.